பெயர்த் திருத்தத்திற்கு எழுத்திலான ஒரே நடைமுறை வேண்டும்

கல்வி, பரீட்சை, ஆட்பதிவு நிருவாகங்களில் பொறுப்பு வகிக்கும் மதிப்புக்குரிய அதிகாரிகளுக்கு,

வணக்கம். மட்டக்களப்பு மாவட்டத்தில் வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரையிலிருந்து, ஓய்வுபெற்ற ஆசிரியர் என்ற முறையில் இம்மடலை எழுதுகிறேன். சான்றிதழில் பெயர் மாறிப்போன பிள்ளைகளின் கோவைகள் தங்கள் மேசைகளுக்குப் புதியவையல்ல. ஆதலால் பின்னணியை நீட்டி விளக்காமல், அண்மையில் எங்கள் ஊர்ப் பிள்ளையொருத்திக்கு நேர்ந்ததை மாத்திரம் சொல்கிறேன்.

பயிற்சி நெறியொன்றுக்கான நேர்முகப் பரீட்சைக்குச் சென்ற அவளிடம், க.பொ.த. சாதாரண தரச் சான்றிதழில் உள்ள பெயரும் அடையாள அட்டையில் உள்ள பெயரும் ஒன்றல்ல என்று கூறி, திருத்திக்கொண்டு வருமாறு திருப்பி அனுப்பிவிட்டார்கள். இரண்டுக்கும் உள்ள வேறுபாடு ஆங்கிலத்தில் ஒரேயொரு ‘எச்’ எழுத்து. அவளுடைய பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் தமிழில் உள்ளது. அதில் ஒரு புள்ளிகூடப் பிழையில்லை. அந்தப் பெயரைப் பாடசாலை ஒருவிதமாகவும், அடையாள அட்டை விண்ணப்பத்தை நிரப்பியவர் வேறுவிதமாகவும் ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறார்கள். எது சரியென்று அந்நேரம் பிள்ளையிடமோ தாயிடமோ எவரும் கேட்கவில்லை.

தகப்பன் இல்லாத குடும்பம். தாய் கூலிக்கு வயல் வேலைக்குப் போகிறவர். பாடசாலையில் கேட்டபோது வலயக் கல்வி அலுவலகத்துக்குப் போகச் சொன்னார்கள். வலயத்தில் கொழும்புக்குப் போகச் சொன்னார்கள். 300 கிலோமீற்றருக்கு மேல் இரவு பஸ்ஸில் பயணித்து விடியற்காலையில் இறங்கி, பகல்வரை வரிசையில் நின்ற பின்பு, பாடசாலைச் சேர்விடாப்பின் (பிள்ளைகளைச் சேர்த்த பதிவேட்டின்) உறுதிப்படுத்திய பிரதி இல்லை என்று தாயையும் மகளையும் திருப்பி அனுப்பினார்கள். அங்கு தரப்பட்ட படிவம் சிங்களத்தில் மட்டும் இருந்தது; பின்னால் நின்ற சிங்களப் பெண்மணியொருவர்தான் இரக்கப்பட்டுத் தன் பேனையால் அதை நிரப்பிக் கொடுத்திருக்கிறார். ஊருக்குத் திரும்பிச் சேர்விடாப்பை எடுத்துப் பார்த்தால், வெள்ளத்தில் நனைந்து தாள்கள் ஒட்டிப்போய், அவளுடைய பெயர் இருந்த வரியில் மை கரைந்து கிடந்தது. அதற்கொரு விளக்கக் கடிதம், அந்தக் கடிதத்துக்கு ஒரு மேலொப்பம் என்று அலைந்து முடிப்பதற்குள் பயிற்சி நெறிக்குரிய திகதி கடந்துவிட்டது. அந்தப் பிள்ளை பரீட்சையில் தவறவில்லை, தகைமையில் குறையவில்லை. ஆனாலும் இடத்தை இழந்தவள் அவள்தான்.

ஐயா, அம்மணி, பிறப்புப் பதிவிலுள்ள பெயரையே மாற்றுவதற்கு 1951 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்கப் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டத்தின் கீழ் வழிமுறை உண்டு. அதில் கண்டிப்பு இருப்பது நியாயம். ஆனால் பிறப்புப் பதிவு சரியாக இருக்க, அதைப் பார்த்து எழுதியவர் பிழைவிட்ட இடத்தில் எவரும் பெயரை மாற்றக் கேட்கவில்லை; பதிவில் உள்ளபடி எழுதித் தரும்படிதான் கேட்கிறார்கள். இவ்விரண்டையும் ஒரே தராசில் வைத்து, ஓரிடத்தில் சமாதான நீதவானின் ஒப்பம் போதும் என்றும், இன்னோரிடத்தில் சட்டத்தரணியிடம் முடித்த சத்தியக் கடதாசி வேண்டும் என்றும், மேசைக்கொரு விதி சொல்வது எந்தச் சட்டத்தில் இருக்கிறது? விதி இருக்குமாயின், அது தமிழில் எழுதப்பட்டு ஒவ்வொரு வலயக் கல்வி அலுவலகத்திலும் பிரதேச செயலகத்திலும் மக்கள் பார்வைக்கு ஒட்டப்பட வேண்டும். நாம் கேட்பது இதைத்தான்.

வடக்கு, கிழக்கில் தமிழ் நிருவாக மொழி என்பதை 1988 இன் பதினாறாவது திருத்தம் அரசியலமைப்பிலேயே எழுதி வைத்திருக்கிறது. இருந்தும் எங்கள் தாய்மார் படிவம் நிரப்புவதற்கு முன்பின் அறியாதவரின் தயவை நாட வேண்டியிருக்கிறது. 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலையில் கடலோர எழுவான்கரை எத்தனை ஆவணங்களைக் கடலுக்குக் கொடுத்தது, இடப்பெயர்வுகளில் படுவான்கரை எத்தனை பெட்டிகளை வழியில் விட்டுவந்தது என்பதை நான் சொல்லித் தாங்கள் அறிய வேண்டியதில்லை. இந்த மண்ணில் பழைய கடதாசி கேட்பதே ஒரு தண்டனை. இதைச் சற்றுக் கடுமையாகச் சொல்லியிருந்தால் பொறுத்தருள்க.

ஆகவே பணிவுடன் மீண்டும் கேட்கிறேன். பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் சரியாக உள்ள பிள்ளையின் சான்றிதழைத் திருத்துவதற்கு, அதிபரின் உறுதிப்படுத்தலுடன் வலயக் கல்வி அலுவலகத்திலேயே விண்ணப்பத்தை ஒப்படைக்க வழி செய்யுங்கள். தேவையான ஆவணங்கள் எவை, எத்தனை நாளில் முடியும் என்பதை எழுத்தில் தாருங்கள். திருத்தம் முடியும்வரை, இரு பெயரும் ஒருவரையே குறிக்கும் என்ற பிரதேச செயலாளரின் கடிதத்தை நேர்முகப் பரீட்சைகளில் ஏற்குமாறு சுற்றறிக்கை அனுப்புங்கள். அடுத்த சாதாரண தரப் பரீட்சைக்கு விண்ணப்பங்கள் அனுப்பப்படும் முன்னர், பிள்ளையின் பெயர் ஆங்கிலத்தில் எழுதப்பட்டுள்ள விதத்தைப் பெற்றோருக்குக் காட்டி ஒப்பம் பெறுமாறு அதிபர்களுக்கு அறிவுறுத்தவும் வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
படுவான்கரையிலிருந்து ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்