படம் போட்ட பிறகு

ஆசிரியருக்கு வணக்கம்.

போரில் அடிபட்ட குழந்தைகளின் படங்களைப் பத்திரிகையில் போடலாமா என்று உங்கள் இதழில் நடக்கும் விவாதத்தைப் படித்துவருகிறேன். போடத்தான் வேண்டும் என்பது என் கட்சி. போட்டுவிட்டு அப்படியே மறந்துபோவதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.

வியட்நாம் போரின்போது, 1972 ஜூன் 8 அன்று, திராங் பாங் கிராமத்தில் நேபாம் என்னும் தீக்குண்டைப் போட்டது தென்வியட்நாமின் சொந்த விமானம். ஒன்பது வயது கிம் ஃபுக், உடம்பில் துணியில்லாமல், "சுடுது, சுடுது" என்று அலறிக்கொண்டு சாலையில் ஓடிவந்தாள். அந்தக் காட்சி படமானது. அம்மணமான குழந்தையின் படத்தை அனுப்புவதா என்று ஏபி செய்தி நிறுவனத்தின் சைகோன் அலுவலகத்தில் தயங்கினார்கள். அங்கே படப்பிரிவு ஆசிரியராக இருந்த ஹார்ஸ்ட் ஃபாஸ் பிடிவாதமாக நின்று அனுப்பவைத்தார். பத்திரிகைகளில் வந்தபோது வலது ஓரம் வெட்டுப்பட்டிருந்தது. முழுப் படத்தில் அங்கே ஒரு புகைப்படக்காரர் தன் கேமராவில் ஃபிலிம் மாற்றிக்கொண்டிருக்கிறார். அந்த ஓரத்தை முதல் தடவை பார்த்த அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

படத்தை எடுத்தது, இத்தனை காலம் சொல்லிவந்தபடி, ஏபி புகைப்படக்காரர் நிக் உட்தானா என்று இப்போது சர்ச்சை. 2025-ல் உலகப் பத்திரிகைப் புகைப்பட அமைப்பு (World Press Photo), படம் எடுத்தவர் என்று அவர் பெயரைக் குறிப்பிடுவதை நிறுத்திவைத்தது; ஏபி அவர் பெயரிலேயே வைத்திருக்கிறது. யார் எடுத்திருந்தாலும் சரி, பிள்ளையை வண்டியில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனவர் நிக் உட். அங்கே கைவிரித்தவர்களிடம் பத்திரிகையாளர் அட்டையைக் காட்டிச் சண்டைபோட்டுச் சேர்த்தார். எனக்கு அந்த அட்டை படத்தைவிடப் பெரிது.

கிம் ஃபுக் 14 மாதம் ஆஸ்பத்திரியில் கிடந்தார். அந்தப் படத்தைப் பார்க்கவே கூசியதாகப் பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார். வளர்ந்த பிறகு வியட்நாம் அரசு பிரச்சாரப் பேட்டிகளுக்கு அவரை இழுத்தடித்தது. டாக்டர் படிப்பு பாதியில் நின்றது. அந்தப் படத்தோடு சமாதானமாக அவருக்குப் பல வருஷம் பிடித்தது. அத்தனை காலமும் உலகம் அவரைக் கேட்காமலே அதை அச்சடித்துக்கொண்டிருந்தது.

உங்களிடம் கேட்பது இதுதான். இப்படி ஒரு படம் போட்டால், குடும்பம் சம்மதித்தால் பெயரையும் ஊரையும் போடுங்கள். ஆறு மாதம் கழித்து, அந்தப் பிள்ளை எப்படி இருக்கிறது என்று நான்கு வரியாவது எழுதுங்கள். 2025-ல் அதே உலகப் பத்திரிகைப் புகைப்பட அமைப்பின் பரிசு பெற்ற படத்தில் இருப்பவன் இரண்டு கைகளையும் இழந்த காஸா சிறுவன். தோஹாவில் சிகிச்சையில் இருந்தவன், காலால் எழுதவும் கதவு திறக்கவும் பழகிக்கொண்டிருப்பதாகப் படித்தேன். அடுத்த செய்திக்குக் காத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
வாசகி, கோவில்பட்டி