பிளாஸ்டிக் சுத்தியலை எடுத்து வையுங்கள்

மழலையர் பள்ளி நடத்துகிறவர்களுக்கும் அங்கே பாடம் எடுக்கும் ஆசிரியர்களுக்கும் வணக்கம்.

உங்கள் வகுப்பறையின் ஒரு மூலையில் விளையாட்டுப் பெட்டி ஒன்று இருக்கும். அதற்குள் மஞ்சள் நிறத்தில் ஒரு பிளாஸ்டிக் சுத்தியல், சிவப்பில் ஒரு திருப்புளி, எதையும் அறுக்காத ஒரு ரம்பம். நான்கு வயதுச் சிறுமி ஒருத்தி அந்தச் சுத்தியலை வைத்துக்கொண்டு பிளாஸ்டிக் ஆணியை வெகுநேரம் தட்டிக்கொண்டிருந்ததைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். ஆணி அசையவே இல்லை. கடைசியில் அவள் பக்கத்துப் பிள்ளையின் முதுகில் ஒரு தட்டுத் தட்டினாள், திட்டு வாங்கினாள். அவள் தேடியது, தட்டினால் ஏதாவது நடக்க வேண்டும் என்பதைத்தான். அது பிள்ளையின் முதுகில்தான் கிடைத்தது.

குழந்தைகளின் கையில் நிஜக் கருவிகளைக் கொடுங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல். நிறைய வேண்டாம். சின்னதாக, எடை குறைவாக, நன்றாக வேலை செய்கிற நாலைந்து கருவிகள் போதும். பக்கத்தில் பெரியவர் ஒருவர் இருக்க வேண்டும்.

சுத்தியலையே எடுத்துக்கொள்வோம். கெட்டியான களிமண் கட்டி ஒன்று, முனை மழுங்கிய தடித்த மரக்குச்சிகள் சில, ஒரு சிறிய சுத்தியல். முதல் நாள் குழந்தை சுத்தியலைத் தலைப்பக்கமாகக் கழுத்தில் பிடித்துத் தட்டும். குறி தப்பாது, ஆனால் குச்சி கொஞ்சம் கொஞ்சமாகத்தான் இறங்கும். எப்போதோ கை தானாக வழுக்கிப் பிடியின் நுனிக்குப் போகும். அப்போது ஒரே அடியில் குச்சி பாதி இறங்கிவிடும், அடுத்த அடி குறி தப்பும். உடனே அந்த முகத்தைப் பார்க்க வேண்டும்! கையை மேலே நகர்த்தும், கீழே நகர்த்தும், தனக்குச் சரியான இடத்தைத் தானே கண்டுபிடிக்கும். தயவுசெய்து அந்த நேரத்தில் "இப்படிப் பிடி" என்று சொல்லிவிடாதீர்கள். நெம்புகோல் என்ற சொல் பாடப்புத்தகத்தில் பிறகு வரட்டும். அன்றைக்கு அது தெரிந்த விஷயத்துக்கு ஒரு பெயராக மட்டும் இருக்கும்.

இது புதிய யோசனையும் இல்லை. 1837இல் ஜெர்மனியில் பிரெடரிக் ஃப்ரோபெல் தொடங்கிய பள்ளிதான் பின்னால் 'கிண்டர்கார்டன்' என்று பெயர் பெற்றது. அங்கே குழந்தைகள் மரக்கட்டைகளை அடுக்கினார்கள், காகிதம் மடித்தார்கள், களிமண் பிசைந்தார்கள். 1907இல் ரோம் நகரின் ஏழைக் குடியிருப்பு ஒன்றில் மரியா மாண்டிசோரி தொடங்கிய இல்லத்திலிருந்து வளர்ந்த கல்விமுறையில் துடைப்பமும் குடுவையும் நிஜமானவை, குழந்தையின் கைக்கு ஏற்ற அளவில் செய்தவை. கீழே போட்டால் உடையும் பாத்திரத்தைத்தான் குழந்தை கவனமாகத் தூக்கும் என்று அவர் நம்பினார். அந்த இருவரின் பெயரைப் பலகையில் எழுதிவைத்திருக்கும் பள்ளிகளில்கூட உடையாத, வெட்டாத, தட்டாத பொருட்களே நிறைந்திருப்பது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

கத்தரிக்கோலைப் பற்றியும் சொல்ல வேண்டும். மூன்று வயதில் காகித ஓரத்தைத் துணுக்குத் துணுக்காக வெட்டினாலே பெரிய காரியம். கோட்டின் மேல் வெட்டுவது, வளைத்து வெட்டுவது எல்லாம் அப்புறம் வரும். மழுங்கிய கத்தரி பாதுகாப்பானது என்று நினைக்கிறோம். முனை உருண்டையாக இருக்கட்டும், சரி. அலகு மழுங்கினால் காகிதம் மடங்கிச் சிக்கும், குழந்தை பலம் கொடுத்து இழுக்கும், கை வழுக்கும். இடதுகைப் பிள்ளைகளுக்கு வேறொரு கஷ்டம் இருக்கிறது. வலதுகைக் கத்தரியை இடது கையில் பிடித்தால் அலகுகள் நெருங்குவதற்குப் பதில் விலகும், வெட்டும் கோட்டை மேல் அலகு மறைக்கும். "இவனுக்கு வெட்ட வரவில்லை" என்று குறிப்பெழுதும் முன், அவன் எந்தக் கையில் பிடித்திருக்கிறான் என்று ஒருமுறை பாருங்கள். இடதுகைக் கத்தரி தனியாகவே கிடைக்கிறது.

புனல், சொட்டுக்குழாய், இடுக்கி, பூதக்கண்ணாடி, அளவு நாடா, வாளி கட்டிய ஒரு கப்பி. இவற்றுக்கு விளக்கமே தேவையில்லை. வைத்துவிட்டு நகர்ந்தால் போதும்.

உங்கள் பயம் எனக்குப் புரிகிறது. அடிபட்டால் பெற்றோருக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் நீங்கள்தான். அதனால் நான் கடைப்பிடிப்பதைச் சொல்கிறேன். மூன்று வயதுக்குக் கீழே ஆணி, திருகாணி போன்ற சின்னப் பொருட்களே கூடாது. அந்த வயதினருக்கான பொம்மைகளைச் சோதிக்கும் உருளையின் விட்டம் சுமார் 31.7 மில்லிமீட்டர். அதற்குள் முழுதாக அடங்கும் எதுவும் தொண்டையை அடைக்கக்கூடும். தட்டும்போதும் அறுக்கும்போதும் கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி அணிய வேண்டும், பக்கத்தில் நிற்கும் பெரியவரும்தான். ஆணியை விரலால் பிடிக்காமல் துணி மாட்டும் கிளிப்பால் பிடிக்கலாம். ரம்பம் நான்கு வயதுக்கு மேல், ஒரு நேரத்தில் ஒரு குழந்தைக்கு மட்டும். மரத்தைக் கவ்வியால் மேசையோடு இறுக்கிவிட்டு, இரண்டு கையாலும் பிடியைப் பிடிக்கச் சொல்லுங்கள். கை இரண்டும் பிடியில் இருந்தால் பல்லுக்குப் பக்கத்தில் விரல் போக வழியில்லை. பழைய டார்ச், கடிகாரம் போன்றவற்றைத் திருப்புளியால் கழற்ற விடலாம், பேட்டரியை முதலிலேயே நீங்கள் எடுத்துவிட்டால். மின்செருகி வைத்த சாதனம் எதுவும் வேண்டாம். அணைத்த பிறகும் சிலவற்றுக்குள் மின்சாரம் தங்கியிருக்கும்.

இன்னொன்று. மேசையைப் போட்டவுடன் ஆண் பிள்ளைகள் முன்னால் வந்து நின்றுவிடுவார்கள். எட்ட நின்று பார்க்கும் பெண் பிள்ளையைப் பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள். மடலின் தொடக்கத்தில் சொன்ன சிறுமி கூப்பிடாமலே வந்தாள், ஆனால் எல்லோரும் அப்படி வருவதில்லை.

நாளைக்கே எல்லாவற்றையும் மாற்றச் சொல்லவில்லை. வாரத்தில் ஒரு நாள், ஒரு மேசை, மூன்று குழந்தைகள், ஒரு களிமண் கட்டி. முதல் முறை சத்தம் அதிகமாகத்தான் இருக்கும். மேசைக்கு அடியில் பழைய கம்பளம் ஒன்றை விரித்துவிடுங்கள்.

அன்புடன்,
சிறுபிள்ளைகளோடு வேலை செய்யும் ஓர் ஆசிரியை