எருக்குழியும் புல்தரையும்: கலாவுக்கு ஒரு கடிதம்

எடிசன், நியூ ஜெர்சி
ஆகஸ்ட் கடைசி வாரம்

அன்புள்ள கலா,

உன் கடிதமும் தோப்புப் படங்களும் வந்து சேர்ந்தன. சின்னவளுக்கு ஈரோட்டிலேயே வேலை கிடைத்ததும், அத்தைக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததும் கேட்டு மனசு நிறைந்தது. அத்தையை இன்னும் கொஞ்ச நாள் அடுப்படிப் பக்கம் விடாதே. சொன்னால் கேட்க மாட்டார்கள் என்று தெரியும், இருந்தாலும் சொல்.

இனி தென்னைக்கு வருகிறேன். நீ அனுப்பிய இளங்கன்றுப் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். விரிந்த மட்டையில் ஓலைகள் கத்தரிக்கோல் போட்டு வெட்டியது போல முக்கோணம் முக்கோணமாகக் காணாமல் போயிருக்கின்றன. அது காண்டாமிருக வண்டு வேலைதான், சந்தேகமே வேண்டாம். குருத்து மடிந்து இருக்கும்போதே உள்ளே குடைந்து மென்றுவிட்டுப் போய்விடுகிறது. பிறகு மட்டை விரியும்போதுதான் நம் கண்ணுக்குத் தெரிகிறது. அதாவது இன்று நீ பார்க்கிற வெட்டு, எப்போதோ வந்து போன வண்டு போட்டது. மருந்துக் கடையில் சொன்னதற்காக மறுபடியும் ஒரு டப்பா வாங்கித் தலையில் ஊற்றலாமா என்று கேட்டிருந்தாய். முதலில் கொட்டத்துக்குப் பின்னால் இருக்கிற எருக்குழியைக் கிளறிப் பார் என்பதுதான் என் பதில். ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்றால், இங்கே எனக்குக் கோடை முழுக்க இதே வேலைதான்.

எங்களுக்கு வாய்த்தது ஜப்பான் வண்டு. ஒரு சென்டிமீட்டர் நீளம் இருக்கும். தலையும் கழுத்தும் பளபளக்கும் பச்சை, இறக்கை மூடி செம்பு நிறம். பார்க்க அழகுதான். ஆனால் அழகை வைத்து அடையாளம் சொல்ல முடியாது, பச்சையாய் மின்னும் வண்டுகள் இங்கே வேறு பல உண்டு. குனிந்து பக்கவாட்டில் பார்க்க வேண்டும். இறக்கை மூடியின் ஓரத்தை ஒட்டி வெள்ளை மயிர்க்கொத்துகள், ஒவ்வொரு பக்கமும் ஐந்து, வாலில் இரண்டு. அது இருந்தால் இதுவேதான். கிட்டே விரலைக் கொண்டு போனால் பின்னங்காலைப் பக்கவாட்டில் தூக்கி நிற்கும், அல்லது பொத்தென்று கீழே விழும். ரோஜா, திராட்சை, பீன்ஸ், துளசி வகைகள், நான் ஆசையாய்ப் போட்ட வெண்டை என்று எதையும் விடுவதில்லை. முந்நூறுக்கும் மேற்பட்ட செடி வகைகளைத் தின்னும். நரம்பை மட்டும் விட்டுவிட்டு இடையில் உள்ள பச்சையை அரித்துவிடுவதால் இலை சல்லடைத் துணியாகி நிற்கும். வெயில் படுகிற உச்சி இலையில் ஆரம்பித்துக் கீழே இறங்கும். கடிபட்ட இலையிலிருந்து கிளம்புகிற வாசனையே மற்ற வண்டுகளையும் கூப்பிட்டுவிடுகிறது. அதனால்தான் முதல் நாலைந்து வந்தவுடனேயே எடுத்துவிடு என்கிறார்கள்.

இந்த வண்டு அமெரிக்காவில் முதன்முதலில் கண்ணில் பட்டது இதே மாநிலத்தில்தான், தெரியுமா? 1916-ல் ரிவர்ட்டன் ஊருக்குப் பக்கத்தில் ஒரு நாற்றுப் பண்ணையில். எங்கள் வீட்டிலிருந்து காரில் போனால் ஏறக்குறைய ஒரு மணி நேரம். ஐரிஸ் பூச்செடியின் கிழங்கோடு வந்த மண்ணில் புழுவாக வந்திருக்கலாம் என்று சொல்கிறார்கள். வெளிநாட்டுச் செடிகளைச் சோதிக்கும் சட்டம் 1912-ல்தான் வந்தது, இது அதற்கு முன்பே நுழைந்திருக்க வேண்டும். அதன் சொந்த ஊரான ஜப்பானில் இது பெரிய தொல்லையே இல்லை. அங்கே அதைத் தின்னவும் அதில் ஒட்டி வாழவும் எதிரிகள் உண்டு, பரந்த புல்வெளியும் குறைவு. இங்கே வந்தபோது எதிரி இல்லை, வீட்டுக்கு வீடு தண்ணீர் பாய்ச்சி வளர்த்த புல்தரை உண்டு. அந்தப் புல்லுக்கு அடியில்தான் அது முட்டை வைக்கிறது. நூறு வருஷத்துக்குள் மிசிசிப்பிக்குக் கிழக்கே பெரும்பகுதியையும் பிடித்துக்கொண்டது. 2014-ல் இத்தாலியின் வடக்கே டிசினோ ஆற்றுப் பள்ளத்தாக்கிலும் பார்த்துவிட்டார்கள். இப்போது அங்கே திராட்சை விவசாயிகள் அல்லாடுகிறார்கள்.

அதன் வருஷக் கணக்கைச் சொல்கிறேன், கேள். வண்டாக வெளியே திரிவது ஜூன் கடைசியிலிருந்து ஆகஸ்ட் வரைக்கும்தான். ஒரு பெண் வண்டு நாற்பது முதல் அறுபது முட்டை வரை புல்தரை மண்ணில் வைக்கும். மீதி ஏறக்குறைய பத்து மாசம் புழுவாகவும் கூட்டுப்புழுவாகவும் மண்ணுக்குள்தான் வாசம். நாமோ கண்ணுக்குத் தெரிகிற ரெண்டு மாசம் மட்டும் இலை மேல் மருந்தை அடித்துவிட்டு, மீதி நாளெல்லாம் மறந்துபோகிறோம். எனக்கு ஆற்றாமையாக இருப்பது இதுதான், கலா. உன் வண்டுக்கும் இதே கதைதான். அது மரத்தின் தலையில் வந்து தின்கிறது, குடும்பம் நடத்துவது எருக்குழியிலும் மக்கிய தென்னங்கட்டையிலும்.

இங்கே கடையில் மஞ்சள் பொறி ஒன்று விற்கிறார்கள். பூவாசனையும் பெண் வண்டின் கவர்ச்சி வாசனையும் வைத்துக் கீழே ஒரு பை தொங்கும். பக்கத்து வீட்டில் ரோஜாப் பாத்திக்கு நடுவிலேயே அதை மாட்டினார்கள். பை நிறைந்தது, ரோஜாவும் மொட்டையானது. கென்டக்கி பல்கலைக்கழகத்தில் எண்பதுகளிலேயே இதைச் சோதித்துச் சொல்லிவிட்டார்கள். பொறி பிடிப்பதைவிட அதிகமான வண்டுகளை வரவழைக்கிறது, வருகிற வழியில் உள்ள செடிகளுக்குத்தான் சேதம் கூடுகிறது. பொறி எதற்கு நல்லது என்றால், வண்டு இல்லாத ஊரில் அது நுழைந்துவிட்டதா என்று கண்காணிக்க. மேற்கு மாநிலங்களில் அப்படித்தான் வைக்கிறார்கள். உங்கள் பக்கம் இனக்கவர்ச்சிப் பொறி கட்டுவதும் எனக்குத் தெரியும். கட்டு, வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் கன்று நட்ட வயலுக்குள் கட்டாதே, தள்ளி வரப்போரம் கட்டு. வாளியில் விழுந்ததை ஒழுங்காக எடுத்துக் கொட்டி, எத்தனை என்று குறித்து வை.

நான் செய்வது ரொம்ப எளிது. காலையில் பனி காய்வதற்கு முன் வண்டு மந்தமாக இருக்கும். அகலமான டப்பாவில் தண்ணீரும் கொஞ்சம் பாத்திரம் கழுவும் சோப்பும் ஊற்றி இலைக்கு அடியில் பிடித்து, கிளையைத் தட்டினால் தானே விழும். ரோஜாவுக்கு மட்டும் வேப்பெண்ணெய் தெளிக்கிறேன். அதன் பலன் சில நாள்தான், மழை பெய்தால் அதுவும் இல்லை. பூத்திருக்கும் செடியில் எந்த மருந்தும் அடிப்பதில்லை, தேனீ வரும்.

டப்பாவில் தட்டும்போது ஒன்றைக் கவனிக்கிறேன். சில வண்டுகளின் கழுத்துப் பட்டையில் கடுகைவிடச் சின்னதாக ஒரு வெள்ளைப் புள்ளி ஒட்டியிருக்கும். அது ஒரு ஈயின் முட்டை. இந்த வண்டை அடக்குவதற்கென்றே 1920-களில் ஜப்பானிலிருந்து கொண்டு வந்த ஈ. முட்டை பொரிந்து புழு நேராக வண்டுக்குள் துளைத்து இறங்கும், ஒரு வாரத்துக்குள் வண்டு செத்துவிடும். வெள்ளைப் புள்ளி உள்ள வண்டு கிடைத்தால் நான் டப்பாவில் போடுவதில்லை, அப்படியே விட்டுவிடுகிறேன். அதற்குள் அடுத்த தலைமுறை ஈ வளர்கிறது அல்லவா?

இப்போது ஆகஸ்ட் கடைசி, புழுவைத் தேடும் காலம். ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தின் விரிவாக்க மையத்தில் சொல்லிக்கொடுத்தபடி, ஓரடிக்கு ஓரடி சதுரமாகப் புல்லை மூன்று பக்கம் வெட்டி, பாயைப் புரட்டுவது மாதிரிப் புரட்டி எண்ணுகிறேன். வளைந்து சுருண்ட வெள்ளைப் புழு, பழுப்புத் தலை. சதுர அடிக்குப் பத்துக்கு மேல் போனால்தான் கவலை. ஆரோக்கியமான புல் அதற்குக் குறைந்ததைத் தாங்கிக்கொள்ளும். அதிகமாக இருக்கும் இடத்தில் நூற்புழு விடுகிறேன், வண்டின் புழுவுக்குள் புகுந்து அதைக் கொல்லும் மிக நுண்ணிய புழு அது. ஹெட்டரோராப்டைட்டிஸ் என்று பெயர். குளிர்பெட்டியில் வைத்து வாங்கி, சாயங்காலம் வெயில் போனபின் தண்ணீரில் கலந்து பூவாளியில் ஊற்ற வேண்டும். மண் ஈரமாக இருக்க வேண்டும், வெயில் பட்டால் அது செத்துவிடும். சில நாள் கழித்து அதே இடத்தைத் தோண்டினால், வெள்ளையாய் இருந்த புழு செங்கல் நிறத்தில் தொளதொளவென்று கிடக்கும். அதைப் பார்க்கும்போது வருகிற சந்தோஷத்தை உன்னிடம்தான் சொல்ல முடியும், இங்கே வீட்டில் சொன்னால் முகத்தைச் சுளிக்கிறார்கள்!

பேலிசேட் என்று கொலராடோவில் ஓர் ஊர், பீச் பழத்துக்கும் திராட்சைக்கும் பேர் போனது. அங்கே 2003-ல் இந்த வண்டு தென்பட்டதும் ஊரே சேர்ந்துகொண்டது. வீட்டுப் புல்தரைகளுக்கு மருந்து போட்டார்கள், முட்டை வைக்கும் கோடைக் காலத்தில் புல்லுக்குத் தண்ணீரையும் குறைத்தார்கள். ஈரம் இல்லாத மண்ணில் முட்டை பிழைக்காது. 2009-க்குள் வண்டே இல்லாமல் செய்துவிட்டார்கள். பழத்தோட்டத்துக்காரர்கள் மட்டும் போராடியிருந்தால் நடந்திருக்காது.

நம் பக்கத்து வண்டும் வெளியே போய் அட்டூழியம் செய்திருக்கிறது. 1909-ல் இலங்கையிலிருந்து பசிபிக் கடல் தீவான சமோவாவுக்கு ரப்பர் கன்றுகள் போனபோது அந்தத் தொட்டி மண்ணோடு காண்டாமிருக வண்டும் போய்ச் சேர்ந்தது. தென்னையை நம்பி வாழும் தீவுகள் ஒவ்வொன்றாகப் பாழாயின. 1963-ல் மலேயாவில் அலாய்ஸ் ஹியூகர் என்ற ஜெர்மானியர் இந்த வண்டைத் தாக்கும் ஒரு வைரஸைக் கண்டுபிடித்தார். 1967-ல் அதைச் சமோவாவில் விட்ட பிறகுதான் தென்னைகள் மூச்சுவிட்டன. ஆனால் 2007-ல் குவாம் தீவுக்கு வந்து சேர்ந்த வண்டுக்கு அந்த வைரஸ் பலிக்கவில்லை. 2013-ல் ஹவாயிலும் வண்டு நுழைந்துவிட்டது. அங்கேயும் இப்போது எரு, மரத்தூள், செடிக் குப்பைக் குவியல்களைத்தான் கிளறிக்கொண்டிருக்கிறார்கள்.

அதனால் நீ செய்ய வேண்டியது: ஆளை வைத்துக் குழி முழுவதையும் அடிவரை புரட்டு. விரலைவிடத் தடித்த புழுக்கள் கிடைக்கும், கோழிகளை உள்ளே விடு. பிறகு மெட்டாரைசியம் பூஞ்சையை எருவில் கலந்து ஈரம் காயாமல் வை. புழு செத்து மேலே பச்சை பூத்தால் வேலை நடக்கிறது என்று அர்த்தம். ஆழியார் நகர் தென்னை ஆராய்ச்சி நிலையம் உனக்குக் கிட்டத்தானே, அங்கே போய்க் கேள். தோப்பில் பட்டுப்போன கட்டைகளை மக்க விடாதே. கன்றுகளுக்கு வேப்பங்கொட்டைத் தூள் ஒரு பங்கு, மணல் இரண்டு பங்கு கலந்து, மரத்துக்கு 150 கிராம் வீதம் நடுக்குருத்தை ஒட்டிய மூன்று மட்டை இடுக்குகளில் போடு. குருத்தில் ஓட்டையும் மென்று துப்பிய நாரும் தெரிந்தால் கம்பியை விட்டு வண்டைக் குத்தி எடு. அந்தக் காயத்தைச் சும்மா விட்டால் அது வழியாகச் சிவப்புக் கூன்வண்டு நுழையும், அது நுழைந்தால் மரத்தையே சாய்த்துவிடும். தண்டில் செம்பழுப்பாக ஏதாவது வடிகிறதா என்று பார், காதை வைத்துக் கேள்.

பக்கத்துத் தோப்புக்காரரிடமும் பேசு. பேச்சுவார்த்தை இல்லை என்று எழுதியிருந்தாய், தெரியும். அவர் எருக்குழியில் பிறக்கிற வண்டு வரப்பைத் தாண்டி உன் கன்றுக்குத்தான் வரும். அத்தையை அனுப்பினால் அவர் கேட்பார் என்று நினைக்கிறேன்.

குழியைப் புரட்டியதும் என்ன கிடைத்தது என்று படம் எடுத்து அனுப்பு. பூஞ்சைப் பாக்கெட் என்ன விலை, எங்கே வாங்கினாய் என்பதையும் எழுது. தாராபுரத்தில் என் தங்கையும் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

அன்புடன்,
மல்லிகா