சலவைக்கடைக்காரி எங்கே முன்னேறினாள்?

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் மௌனப்படக் கட்டுரை, 1915-இல் வந்த இத்தாலியப் படமான 'அசுந்தா ஸ்பீனா'வின் நாயகியை, "நீதிமன்ற அலுவலரைப் பிடித்து மேலே வரப் பார்த்த சலவைக்காரி" என்று ஒரே வரியில் முடித்திருக்கிறது. கட்டுரையாளர் படத்தைப் பார்த்தாரா என்று கேட்பது மரியாதையாக இருக்காது, கேட்கவில்லை.

தாங்கள் அறியாத கதையல்ல. நேப்பிள்ஸில் சலவைக்கடை நடத்திப் பிழைப்பவள் அசுந்தா. பொறாமையில் அவள் முகத்தைக் கத்தியால் கீறுகிறான் காதலன் மிக்கேலே. அப்படியும் அவனுக்காகக் கூண்டேறிப் பொய் சொல்கிறாள். தண்டனை விழுந்து, அவனை வெளியூரான அவெல்லினோவின் சிறைக்கு அனுப்பும் நிலை. உள்ளூரிலேயே வைத்திருக்க ஏற்பாடு செய்வதாகச் சொல்கிறான் நீதிமன்ற எழுத்தன் ஃபெதெரிகோ. அதற்கு அவன் கேட்ட விலை அவள்தான். அவள் கொடுத்தது லஞ்சம், ஐயா. பிறகு ஃபெதெரிகோவுக்கு அவள் சலித்துப்போகிறாள். விடுதலையாகி வந்த மிக்கேலே அவனைக் குத்திக் கொல்ல, பழியை அவள் ஏற்கிறாள். தங்கள் கட்டுரைப்படி இதுதான் மேலே வருவது!

என் தம்பியை விசாரணைக் கைதியாக வெளியூர்ச் சிறைக்கு மாற்றியபோது நானும் ஓர் அலுவலக வாசலில் நின்றிருக்கிறேன். நீதிபதியை நான் கண்ணால்கூடப் பார்த்ததில்லை. வழக்குக் கோப்பு கையில் இருந்தவர், "சாயங்காலம் வாருங்கள், கூட்டம் இருக்காது" என்றார். நான் போகவில்லை. தம்பியைப் பார்க்க அம்மா இரவு பஸ்ஸில் போய்வந்தார். அந்த மேசைக்கு எதிரே நின்றவர்கள் இப்படி ஒரு வரியை எழுதமாட்டார்கள்.

தங்கள் இதழுக்கு இது புதிதுமல்ல. 'கபீரியா' என்ற இன்னோர் இத்தாலிய மௌனப்படத்தின் பிரம்மாண்ட அரங்குகளுக்கு இரண்டு பக்கம். நேப்பிள்ஸின் நிஜத் தெருக்களில் எடுத்த படத்துக்கு ஒரு வரி. ஏழைகளின் தெருவை இத்தாலியத் திரை 1940-களில்தான் கண்டுகொண்டது என்று முன்பொரு சிறப்பிதழில் எழுதினீர்கள். மறுத்து நான் எழுதிய கடிதம் நான்கு வரியாகச் சுருங்கி, 'ஒரு வாசகர்' என்று வெளிவந்தது. 'அசுந்தா ஸ்பீனா'வின் இயக்குநர் என்று குஸ்தாவோ ஸெரேனாவை (மிக்கேலேயாக நடித்தவரும் அவரே) மட்டும் சொல்கிறீர்கள். இயக்கத்தில் பெரும்பங்கு தன்னுடையது என்று நாயகி பிரான்செஸ்கா பெர்த்தினி முதுமையில் சொன்னார். நம்புவதும் நம்பாததும் தங்கள் விருப்பம், குறிப்பிடவாவது செய்யலாமே? பெண்ணின் சாட்சியம் தங்கள் அலுவலகத்தில் செல்லாது போலும்.

அடுத்த இதழில் அந்த ஒரு வரியைத் திருத்தி வெளியிடுங்கள். இடமில்லையென்றால் ராசிபலனில் ஒரு ராசியைக் குறைத்துக்கொள்ளலாம். என்னுடையதாக இருந்தாலும் ஆட்சேபணை இல்லை.

தங்கள் நீண்டநாள் சந்தாதாரர்,
தஞ்சாவூர்