நோட்டுப் புத்தகத்துடன் வந்த மருத்துவர்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மருத்துவர் தினத்தன்று, ஜூலை 1 இதழில், கொரோனா காலத்தில் உயிர் காத்தவர்கள் என்று எட்டுப் பேர் படம் போட்டிருந்தீர்கள். எட்டுப் பேர் கழுத்திலும் ஸ்டெதஸ்கோப். நான் பார்த்தவர் கையில் ஒரு நாற்பது பக்க நோட்டுதான் இருந்தது.

செவ்வாய்ப்பேட்டையில் கொலுசுப் பட்டறை வைத்திருக்கிறேன். 2020 ஜூலையில், பற்றவைக்கும் பையனுக்குக் கொரோனா என்று முடிவு வந்த அன்று மாலையே, சுகாதார ஆய்வாளருடன் அந்தப் பொதுச் சுகாதார மருத்துவர் வந்தார். பையனைத்தான் ஆம்புலன்ஸில் அழைத்துப் போயாயிற்றே, இந்த அம்மாவுக்கு இங்கே என்ன வேலை என்று எனக்கு எரிச்சல். அவரோ யார் எந்த இடத்தில் உட்காருவார்கள் என்று கேட்டு நோட்டில் கட்டம் போட்டுக்கொண்டிருந்தார். காய்ச்சல் கண்டதற்கு இரண்டு நாள் முன்பிருந்து பையன் யாருடன் பழகினான் என்று கேட்டார். "காய்ச்சல் தெரிவதற்கு முன்பே பரவத் தொடங்கிவிடும் ஐயா" என்றார். பையன் மதியச் சாப்பாட்டுக்குப் பக்கத்துப் பட்டறைக்குப் போவான் என்பது எனக்கே அன்றுதான் தெரிந்தது.

ஜன்னல் ஏன் சாத்தியிருக்கிறது என்றார். காற்று வந்தால் அராவும் வெள்ளித்தூள் பறந்துவிடும். அதைக் கூட்டி உருக்கினால்தான் எங்களுக்கு எடை நேராகும். திட்டுவார் என்றே நினைத்தேன். சற்று நின்று பார்த்துவிட்டு, "மறுபடி திறக்கும்போது அராவுகிறவர்களை மட்டும் உள்மூலையில் உட்கார வையுங்கள், மற்றவர்கள் திண்ணையில் இருக்கட்டும்" என்றார். இப்படியும் செய்யலாம் என்று முப்பது வருடத் தொழிலில் எனக்குத் தோன்றியதில்லை.

தெருவை அடைத்துத் தகரம் அடித்தபோது அவர் வாங்கிய வசவு கொஞ்சமல்ல. நானும் என் பங்குக்குப் பொடிவைத்து ஊதினேன், தொழிலே அதுதானே.

அவர் எழுதிய பதினொரு பேரில் மூவருக்குத் தொற்று. ஒருவர் பட்டறையில் கணக்கெழுதும் என் மாமனார்: 74 வயது, சர்க்கரை நோயாளி. இருமல்கூட இல்லை. விரலில் கருவியை மாட்டினால் ஆக்சிஜன் 91. அன்றிரவே மருத்துவமனையில் சேர்த்தோம், பிழைத்து வந்தார். அங்கே பார்த்த மருத்துவருக்குச் சால்வை போர்த்தினோம். நோட்டுக்காரருக்கு ஒரு டீகூடக் கொடுக்கவில்லை.

2021 மே மாதம் இரும்பாலையில் 500 ஆக்சிஜன் படுக்கைகள் போட்டது பெரிய காரியம்தான். படுக்கை வரைக்கும் போகாமல் தடுக்கப்பட்டவர்களை யார் எண்ணினார்கள்? இந்தியாவிலேயே முதன்முதலாகப் பொதுச் சுகாதாரச் சட்டம் வந்தது 1939இல் நம் சென்னை மாகாணத்தில்தான். அந்தத் துறைக்கென்று தனி இயக்குநரகமே நம்மிடம் இருக்கிறது. ஆனாலும் என் தெருவில் பாதிப் பேருக்கு அவர் 'கொசு மருந்து டாக்டர்'.

சென்ற வாரம் டெங்கு சோதனைக்கு வந்தவர், டார்ச் அடித்து எங்கள் சிமெண்ட் தொட்டியில் கொசுப்புழு காட்டினார். இந்த முறை டீ கொடுத்தேன். அடுத்த ஜூலை 1 அன்று இவர்களில் ஒருவர் படத்தையாவது போடுங்கள்.

இப்படிக்கு,
கொலுசுப் பட்டறைக்காரர் ஒருவர்,
செவ்வாய்ப்பேட்டை, சேலம்.