ஏழாவது ஆட்டம் முடிந்து மூன்று வாரம்

திருச்சி
14 ஜூலை 2025

அன்புள்ள ரகு,

நீ அனுப்பிய குரல் பதிவு மூன்று வாரமாக என் போனில் கிடக்கிறது. மொத்தம் ஏழு நிமிஷம். நாலு நிமிஷம் புலம்பல், ரெண்டு நிமிஷம் வசவு, மிச்சம் உன் இருமல். மூன்று தடவை கேட்டுவிட்டேன். பதில் போடாததற்குச் சோம்பல் மட்டும் காரணமில்லை. அதைக் கடைசியில் சொல்கிறேன், பொறு.

முதலில் சேதி. மே மாதம் எனக்கு இடது முழங்கால் மாற்று ஆபரேஷன் நடந்தது. உன்னிடம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தினமும் போன் போட்டு, அதைத் தின்னாதே, இப்படி உட்காராதே என்று உயிரை வாங்கியிருப்பாய். இப்போது கம்பு இல்லாமல் தெருமுனை டீக்கடை வரை போய் வருகிறேன். வசந்தா சுகம். தங்கச்சியையும் பிள்ளைகளையும் விசாரித்ததாகச் சொல். காவிரியில் தண்ணீர் ஓடுகிறது. ஊர்ச் சேதி அவ்வளவுதான்.

வாக்கரைப் பிடித்துக்கொண்டு ஹாலில் நடை பழகிய நாட்களில்தான் உங்கள் என்பிஏ கூடைப்பந்து ஃபைனல்ஸ் வந்தது, உங்கள் இண்டியானாவும் ஓக்லஹோமா சிட்டியும், ஏழு ஆட்டத்தில் நாலு ஜெயித்தவனுக்குக் கோப்பை. மாப்பிள்ளை டிவியில் ஏதோ இணைத்துக் கொடுத்தார். உங்களுக்கு ராத்திரி எட்டரை என்றால் எனக்கு விடிகாலை ஆறு. ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் மட்டும் திங்கள் ஐந்தரைக்கு. கால் வலியில் நாலு மணிக்கே விழித்துக் கிடக்கிறவனுக்கு இதைவிடத் தோதான நேரம் வேறு என்ன இருக்கிறது? ஏழு ஆட்டத்தையும் ஒரு நிமிஷம் விடாமல் பார்த்தேன். முதல் ஆட்டத்தில் 0.3 வினாடி மிச்சமிருக்கும்போது உங்கள் ஹாலிபர்ட்டன் போட்ட அந்தப் பந்துக்கு நான் வாக்கரை விட்டுவிட்டு எழுந்துவிட்டேன். வசந்தா காபி டம்ளரோடு ஓடி வந்தாள், நான் விழுந்துவிட்டேன் என்று நினைத்து.

சரி, உன் வழக்குக்கு வருகிறேன். ஐந்தாவது ஆட்டத்தை ஓக்லஹோமா சிட்டியில் வைத்ததுதான் அநியாயம் என்கிறாய். முன்னே இருந்த மாதிரி 2-3-2, அதாவது ரெண்டு ஓக்லஹோமாவில், மூன்று உங்கள் ஊரில், ரெண்டு மறுபடி ஓக்லஹோமாவில் என்று வைத்திருந்தால் மூன்று, நாலு, ஐந்து எல்லாம் இண்டியானாபோலிஸில் நடந்திருக்கும், ‘நாம்’ ஐந்தாவதை ஜெயித்திருப்போம், கோப்பை நமக்கு. இருபத்தைந்து வருஷம் வரி கட்டினால் ‘நாம்’ ஆகிவிடலாம், அதை நான் ஆட்சேபிக்கவில்லை. ஆனால் கணக்கு தப்பு. உன் இடது கை லே-அப் மாதிரியே பார்க்க நன்றாக இருக்கிறது, வளையத்துக்குள் விழவில்லை.

மளிகைக் கடைக்காரர் கொடுத்த காலண்டரில் வசந்தா பால் கணக்கு எழுதுவாள், தெரியுமே? அதில் ஆட்டம் இருக்கிற நாட்களில் நீலப் பேனாவால் ஒரு சின்ன வட்டம் போட்டு வைத்தாள், அன்றைக்குக் காபியைச் சீக்கிரம் போட வேண்டுமே என்று. ஜூன் 6, 9, 12, 14, 17, 20, 23. நாலாவது ஆட்டம் வந்தபோது அவளே கேட்டாள்: “எல்லாத்துக்கும் நடுவுல ரெண்டு நாள் விடறாங்க, 12க்கும் 14க்கும் நடுவுல மட்டும் ஏன் ஒரே நாள்?” அந்த ரெண்டு ஆட்டமும் ஒரே ஊரில், பயணம் கிடையாது என்றேன். விடுவாளா? “அப்ப முதல் ரெண்டும் ஒரே ஊருதானே? அதுக்கு ஏன் ரெண்டு நாள்?” முப்பத்தெட்டு வருஷம் ஸ்கூலில் கணக்கு சொல்லிக் கொடுத்தவளிடம் மாட்டிக்கொண்டேன். டிவிக்கு ஞாயிற்றுக்கிழமை வேண்டும், சனிக்கிழமை ராத்திரி அமெரிக்காக்காரன் வெளியே போய்விடுவான், அதனால்தான் வியாழனிலிருந்து ஞாயிறுக்குத் தாவுகிறார்கள் என்று விளக்கினேன். “அப்ப ஆடறவனுக்காக விடற லீவு இல்ல” என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

அவள் சொன்னது பாதி உண்மை. யார் ஃபைனலுக்கு வருகிறார்கள் என்று தெரிவதற்கு முன்பே தேதி குறித்தாகிவிடுகிறது. ஓக்லஹோமா மே 28ஆம் தேதியே மேற்குப் பகுதி அணிகளின் கடைசித் தொடரை முடித்துவிட்டு உட்கார்ந்திருந்தது. நீங்கள் 31ஆம் தேதிதான் நியூயார்க்கை முடித்தீர்கள். யார் எப்போது முடித்தால் என்ன, ஜூன் 5 என்றால் ஜூன் 5தான். ஆனாலும் இதுவே எவ்வளவோ மேல். 1980இல் மேஜிக் ஜான்சன் இருபது வயதில் சென்டர் இடத்தில் நின்று 42 பாயிண்ட் எடுத்த கடைசி ஆட்டத்தைப் பெரும்பாலான ஊர்களில் நேரலையாகவே காட்டவில்லை. ராத்திரி பதினொன்றரைக்குப் பதிவைப் போட்டார்கள்.

பயணம்தான் இந்தக் கதைக்கே வேர். 1984ஐ எடுத்துக்கொள். பாஸ்டனும் லாஸ் ஏஞ்சல்ஸும். அப்போதும் இன்றைய மாதிரி 2-2-1-1-1 தான்: முதல் ரெண்டு ஓர் ஊர், அடுத்த ரெண்டு மறு ஊர், அப்புறம் ஒவ்வொன்றாக மாறி மாறி. நாலாவது ஆட்டம் ஜூன் 6, புதன், லாஸ் ஏஞ்சல்ஸ். ஐந்தாவது வெள்ளிக்கிழமை, பாஸ்டன். ஆறாவது ஞாயிறு, மறுபடி லாஸ் ஏஞ்சல்ஸ். ஏழாவது செவ்வாய், மறுபடி பாஸ்டன். ஏழே நாளில் நாட்டின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்கு மூன்று தடவை, ஒவ்வொரு தடவையும் நாலாயிரம் கிலோமீட்டருக்கு மேல், மூன்று மணி நேர வித்தியாசம். தனி விமானம் எல்லாம் அப்போது ஏது? ஊர் ஜனத்தோடு சாதாரண விமானத்தில், ஏழடி உடம்பை மடக்கி வைத்துக்கொண்டு! அந்த வெள்ளிக்கிழமை பாஸ்டன் கார்டனில் ஏசி இல்லை, உள்ளே 36 டிகிரி. லாஸ் ஏஞ்சல்ஸின் அப்துல்-ஜப்பார் ஆக்சிஜன் மாஸ்க்கோடு உட்கார்ந்திருந்தார், 25 தடவை எறிந்து ஏழுதான் போட்டார். பாஸ்டனின் லாரி பேர்டோ 20க்கு 15 போட்டு 34 பாயிண்ட் எடுத்தார். நம்ம ஊர் மே மாதத்தில் சிமென்ட் தரையில் ஆடின நமக்கு 36 டிகிரி ஒரு சமாச்சாரமா என்று நீ சிரிப்பாய். அவர்கள் நாலாயிரம் கிலோமீட்டர் பறந்து வந்து ஆடினார்கள், நாம் டவுன் பஸ்ஸில் போய் ஆடினோம்.

அந்தத் தொடரை ஜெயித்தது பாஸ்டன். அந்தப் பாஸ்டனின் பெரியவர் ரெட் ஆவர்பேக்தான் இந்த அலைச்சல் தாங்காது என்று என்பிஏ தலைவர் டேவிட் ஸ்டெர்னிடம் முறையிட்டார் என்பார்கள். 1985இலிருந்து 2-3-2. முதல் ரெண்டு ஆட்டம் ஓரிடம், அடுத்த மூன்று அடுத்த இடம், கடைசி ரெண்டு மறுபடி முதல் இடம். நாலு பயணம் ரெண்டாகக் குறைந்தது. டிக்கெட் போடுகிறவனுக்கு இதைவிட நல்ல அட்டவணை கிடையாது. ஆடுகிறவனுக்கு?

இங்கேதான் உன் வாதத்தைப் பிடிக்கிறேன். 1985இலிருந்து 2013 வரை இருபத்தொன்பது ஃபைனல்ஸ். அதில் ஏழு ஆட்டம் வரை போனது ஐந்தே ஐந்து: 1988, 1994, 2005, 2010, 2013. இந்த ஐந்தில் 2005ஐ விட்டுவிடு. மற்ற நாலிலும் நடந்தது ஒரே கதை. நடு மூன்று ஆட்டத்தைச் சொந்த ஊரில் ஆடினவன் 3-2 என்று முன்னால் போனான். அப்புறம் எதிரி ஊருக்குப் போய் ரெண்டையும் தோற்றான். டெட்ராய்ட், நியூயார்க், பாஸ்டன், சான் அன்டோனியோ. நாலு பேரும். 2013இல் சான் அன்டோனியோவுக்குக் கோப்பை கொடுக்க மைதானத்தைச் சுற்றி மஞ்சள் கயிறு கட்ட ஆரம்பித்துவிட்டார்கள், 5.2 வினாடி இருக்கும்போது மயாமியின் ரே ஆலன் மூலையிலிருந்து ஒன்று போட்டார், முடிந்தது கதை.

ஆக, நீ கேட்கிற மாதிரியே ஐந்தாவது ஆட்டம் உங்கள் ஊரில் நடந்து, நீங்கள் ஜெயித்து, 3-2 என்றே வைத்துக்கொள். அடுத்த ரெண்டும் ஓக்லஹோமாவில், 68 ஆட்டம் ஜெயித்தவனுடைய வீட்டில். உங்களுக்கு இப்போது கிடைத்த அந்த ஆறாவது ஆட்டம், 108-91 என்று உன் மகன் தொண்டை கிழியக் கத்தினதாகச் சொன்னாயே, அது கிடைத்திருக்காது. உனக்கு இருந்த ஒரே சந்தோஷத்தையும் பிடுங்கிக்கொள்கிற அட்டவணையைத்தான் நீ கேட்கிறாய், மடையா.

மேலே இருக்கிறவனுக்கும் அது பிடிக்கவில்லை என்பதுதான் வேடிக்கை. சீசன் முழுக்க உழைத்து முதலிடம் வாங்கினவன், 2-2 என்று நிற்கும்போது கழுத்தை நெரிக்கிற ஐந்தாவது ஆட்டத்தை வெளியூரில் ஆட வேண்டும். கீழே இருக்கிறவனோ சொந்த ஊரில் மூன்றையும் தொடர்ந்து ஜெயிக்க வேண்டும். இருபத்தொன்பது வருஷத்தில் அதைச் செய்தது மூன்று தடவைதான், 2004இல் டெட்ராய்ட், 2006இலும் 2012இலும் மயாமி. ரெண்டு பக்கமும் முணுமுணுத்த அட்டவணை முப்பது வருஷம் ஓடியிருக்கிறது. 2013 அக்டோபரில் முதலாளிகள் எல்லோரும் ஒருமனதாகக் கைதூக்கிப் பழைய முறைக்கே திரும்பினார்கள். அதற்குள் எல்லா அணிக்கும் தனி விமானம் வந்துவிட்டிருந்தது. ஆறாவதுக்கும் ஏழாவதுக்கும் நடுவே இன்னொரு நாளும் சேர்த்தார்கள்.

இதில் ஒரு கூத்து. பழைய முறைக்குத் திரும்பின முதல் ஃபைனல்ஸ், 2014, முதல் ஆட்டம், சான் அன்டோனியோ. அன்றைக்குப் பார்த்து மைதானத்தில் ஏசி படுத்துவிட்டது! லெப்ரான் ஜேம்ஸ் காலில் தசை பிடித்து, தூக்கிக்கொண்டு போனார்கள். வெக்கையில் முடிந்த முறை, முப்பது வருஷம் கழித்து வெக்கையிலேயே திரும்பி வந்தது. செல்வத்திடம் இதைச் சொன்னபோது அவன் சிரிக்கவில்லை.

செல்வம். இப்போது அதற்கு வருகிறேன்.

ஏழாவது ஆட்டத்தன்று காலை ஐந்து மணிக்கே உறையூரிலிருந்து டிவிஎஸ் ஃபிஃப்டியில் வந்துவிட்டான். கடைச் சாவிக் கொத்து, ஒரு பை முறுக்கு. ஹாலிபர்ட்டனுக்கு ஐந்தாவது ஆட்டத்திலேயே வலது கெண்டைக்கால் இழுத்துவிட்டது, உனக்குத் தெரியும். ரெண்டு நாள் விட்டு ஆறாவது ஆடினான். இன்னும் ரெண்டு நாள் விட்டு ஏழாவது. முதல் கால்பகுதியிலேயே மூன்று பந்து தூரத்திலிருந்து போட்டான், நாங்கள் ரெண்டு கிழவர்களும் முறுக்கை வாயில் வைத்துக்கொண்டு கத்தினோம். அப்புறம் ஒரு காலை ஊன்றிக் கிளம்பினான். யாரும் தொடவில்லை. விழுந்தான். தரையை ஓங்கி ஓங்கிக் குத்தினான்.

செல்வம் ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்தினான். ரொம்ப நேரம் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். “ரெண்டு ரெண்டு நாள் ரெஸ்ட் கொடுத்தும் போச்சே” என்றான். கொஞ்சம் கழித்து, “நமக்கு ரெண்டு மணி நேரம்” என்றான்.

நாற்பத்து நாலு வருஷத்தில் அவன் வாயிலிருந்து அந்த மதுரை ஃபைனலைப் பற்றி வந்த முதல் வார்த்தை அது. நாமெல்லாம் அந்தக் கமிட்டிக்காரனைத் திட்டாத நாள் இல்லை, சோடாபுட்டிக் கண்ணாடி, காலையில் செமி ஃபைனல், மத்தியானமே ஃபைனல், மனுஷனா அவன் என்று. போன டிசம்பரில் நீ வந்தபோதுகூடத் திட்டினாய். நானும் கூடச் சேர்ந்து திட்டினேன்.

ரகு, அந்த ஆள் மறுநாள் காலையில் வைத்துக்கொள்ளலாமா என்று என்னிடம் கேட்டார். நீங்கள் எல்லோரும் குழாயடியில் இருந்தீர்கள். சேவியர் சார் யாரையோ பார்க்கப் போயிருந்தார். கேப்டன் நீதானே, நீயே சொல்லு தம்பி என்றார். மறுநாள் எங்கள் வீட்டில் அக்காவுக்கு நிச்சயதார்த்தம். சாயங்கால ரயிலை விட்டால் போய்ச் சேர முடியாது. இன்றைக்கே முடித்துவிடலாம் சார், பையன்கள் தயாராக இருக்கிறார்கள் என்றேன். செல்வம் காலையிலேயே முழங்காலில் துணி சுற்றியிருந்தான், நான் பார்த்தேன். பார்த்துவிட்டுத்தான் சொன்னேன்.

ஒரு ராத்திரி தூங்கி எழுந்து ஆடியிருந்தால் அந்தக் கால் தப்பியிருக்குமா? ஹாலிபர்ட்டனுக்குத் தப்பவில்லையே என்று எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். அதுவும் சரியாக ஒட்டவில்லை. அவன் கேட்டு ஆடினான். செல்வத்தை யாரும் கேட்கவில்லை.

அன்றைக்கு மீதி ஆட்டத்தைச் சத்தமில்லாமலே பார்த்தோம். 103-91. போகும்போது என் ஆபரேஷன் தையலைக் குனிந்து பார்த்து, “நல்லாத்தான் போட்டிருக்கான்” என்று சொல்லிவிட்டு, அவன் காலைக் கையால் தூக்கி வண்டியில் வைத்துக்கொண்டு கிளம்பினான்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை மறுபடி வருகிறேன் என்றிருக்கிறான். அன்றைக்கே சொல்லிவிடட்டுமா? இல்லை, டிசம்பரில் நீயும் கூட இருக்கும்போது சொல்லட்டுமா? நீ கூட இருந்தால் எனக்குத் தைரியம், ஆனால் அது அவனுக்குச் சங்கடம் என்றும் தோன்றுகிறது. சனிக்கிழமைக்குள் போன் பண்ணு. குரல் பதிவு வேண்டாம், போன்.

உன்
மணி

பி.கு.: வரும்போது அங்கே கிடைக்கிற நல்ல முழங்கால் உறை ரெண்டு வாங்கி வா. ஒன்று பெரிய சைஸ், வலது காலுக்கு.