வாசலில் இரண்டடி இடம் கேட்டு ஒரு திறந்த மடல்

எங்கள் அடுக்ககக் குடியிருப்போர் நலச் சங்க நிர்வாகிகள் அனைவருக்கும் வணக்கம்.

போன வாரம் லிஃப்ட் பக்கத்தில் ஒட்டியிருந்த அறிவிப்பைப் படித்தேன். நடைபாதையில் கோலம் போடக் கூடாது, வேண்டுமானால் ஸ்டிக்கர் ஒட்டிக்கொள்ளலாம் என்று இருந்தது. அன்று காலை அம்மா போட்ட கோலம் எட்டு மணிக்கெல்லாம் ஈர மாப்பில் போய்விட்டது. துடைத்த அக்காவே கதவைத் தட்டி, "எனக்கே மனசு வரலம்மா, சொல்லிட்டாங்க" என்று வருத்தப்பட்டார். அவர்மேல் ஒரு குறையும் இல்லை.

அம்மாவுக்கு 72 வயது. கும்பகோணம் பக்கத்துக் கிராமத்தில் சாணம் தெளித்த மண் வாசலில் கோலம் போட்டு வளர்ந்தவர். மூன்றாம் மாடிக்கு வந்தபிறகு, கதவுக்கும் மிதியடிக்கும் நடுவில் கிடைத்த இடமே தன் வாசல் என்று பழகிக்கொண்டார். அழித்ததற்கு ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் மறுநாள் கோலமாவு டப்பாவை எடுக்கவில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

நீங்கள் சொல்லும் காரணங்களில் நியாயம் இருக்கிறது. சிமெண்டுத் தரையில் பிடிப்பதுபோல் கல்மாவு டைல்ஸில் பிடிக்காது, மிதித்தால் வழுக்கும். வயதானவர்கள் நடக்கிற இடம். அரிசிமாவு எறும்புக்குச் சாப்பாடு என்பார் அம்மா. மூன்றாம் மாடியில் அந்த எறும்பு அடுத்ததாக யார் வீட்டுச் சமையலறைக்குப் போகும் என்பதும் தெரிந்ததுதான். சரி, இரண்டையும் விட்டுவிடுகிறோம். சாக்பீஸைத் தண்ணீரில் நனைத்துப் போட்டால் காய்ந்ததும் பளிச்சென்று வெளுக்கும். தூள் பறக்காது, எறும்பு வராது, ஈரத்துணியால் ஒரு தடவை துடைத்தால் போதும்.

ஸ்டிக்கர் மட்டும் வேண்டாம். ஒருமுறை ஒட்டினால் ஓரம் பிய்ந்து அழுக்கேறும்வரை அப்படியே கிடக்கும். கோலம் தினமும் கை போடுவது. 7 புள்ளியில் தொடங்கி இருபக்கமும் வரிசைக்கு ஒன்று குறைத்து, 4 வரை ஊடுபுள்ளியாக, அதாவது முந்தைய வரிசையின் இடைவெளிகளுக்கு நேராக வைத்தால் 37 புள்ளி. சிக்குக் கோலமென்றால் கம்பி என்கிற கோடு ஒவ்வொரு புள்ளியையும் வளைத்துக்கொண்டு, எங்கும் அறுபடாமல் கிளம்பிய இடத்துக்கே வரவேண்டும். ஒரு வளைவு தப்பினால் கம்பி வேறெங்கோ போய் நிற்கும். என் மகள் யூடியூபில் பார்த்துவிட்டுப் போட உட்காருவாள். எங்கே தப்பியது என்று பாட்டி விரலால் தொட்டுக் காட்டுவார். பள்ளி வேன் வருவதற்குள் இருவருக்கும் கிடைக்கும் பத்து நிமிடம் அது. நாள் முழுக்க அவர்கள் சேர்ந்து செய்கிற ஒரே வேலையும் அதுதான்.

இந்தக் காலத்தில் இதெல்லாம் எதற்கு என்று கூட்டத்தில் ஒருவர் கேட்டார். தாம்பரம் சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் கிஃப்ட் சிரோமணியும் ராணி சிரோமணியும் கமலா கிருத்திவாசனும் 1974-இலேயே கோலத்துக்குக் கணினி அறிவியலின் இலக்கண விதிகளை வகுத்து ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார்கள். நம் பிள்ளைகள் படிக்கிற கணினிப் படிப்புக்கும் அம்மாவின் புள்ளிகளுக்கும் அவ்வளவு நெருக்கம்.

பல மதத்தவர் வாழும் இடம் என்றும் சொன்னார்கள். உண்மை. வேண்டாதவர் போட வேண்டியதில்லை. நமக்குள்ளேயே தெலுங்குக் குடும்பத்தில் ‘முக்கு’ என்று தங்கள் கோலத்தைப் போடுகிறார்கள், வங்காளக் குடும்பம் லட்சுமி பூஜைக்கு ‘ஆல்பனா’ என்கிற தங்கள் கோலத்தை வரைகிறது. அவரவர் வாசலில் அவரவர் வழக்கம்.

நாங்கள் கேட்பது இவ்வளவுதான். ஒவ்வொரு கதவுக்கு முன்னாலும் இரண்டடிக்கு இரண்டடி இடம் கொடுங்கள். மாலைவரை அதைத் துடைக்க வேண்டாம் என்று துப்புரவுப் பணியாளர்களிடம் சொல்லுங்கள். அழிப்பதை நாங்களே செய்கிறோம். மார்கழியில் மட்டும் கீழே கேட்டுக்கு வெளியே இருக்கிற சிமெண்டுத் தரையில், மாவுக் கோலத்துக்கு அனுமதி கொடுங்கள். அங்கே தளத்துக்கு ஒரு நாளாக முறைவைத்துப் போடுகிறோம்.

வரும் ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்துக்கு அம்மாவை அழைத்து வருகிறேன். சாக்பீஸும் ஒரு கிண்ணம் தண்ணீரும் கொண்டுவருகிறோம். உங்கள் முன்னாலேயே போட்டு, காய்ந்ததும் அதன்மேல் நடந்து காட்டுகிறோம்.

அன்புடன்,
மூன்றாம் மாடியில் வசிக்கும் ஒருத்தி